எழுதப் படிக்கத் தெரியாத அக்பர் 49 ஆண்டுகள் ஆண்டது எப்படி?

கேள்வி: அக்பருக்கு எழுதப் படிக்கத் தெரியாது என்கிறார்கள். 13 வயதில் பட்டத்துக்கு வந்த ஒருவர் அவ்வளவு பெரிய நாட்டை 49 ஆண்டுகள் எப்படிக் கட்டி ஆண்டார்? பள்ளிப் பாடத்தில் வரும் மதப் பொறையைத் தவிர அந்த ஆட்சியில் வேறு என்ன இருந்தது?

எழுத்தறிவு விஷயத்தை முதலில் முடித்துவிடலாம். அது உண்மைதான். சிறுவனுக்கு ஆசிரியர்களை மாற்றி மாற்றி வைத்தும் பாடம் ஏறவில்லை. புறா, குதிரை, ஒட்டகம், வேட்டை என்றுதான் வளர்ந்தார். அதனால் புத்தகம் தெரியாதவர் என்று நினைத்துவிட வேண்டாம். தினமும் அவருக்குப் புத்தகம் வாசித்துக் காட்ட ஆட்கள் இருந்தார்கள். அன்றைக்கு எந்தப் பக்கத்தில் வாசிப்பு நின்றதோ அந்த இடத்தில் தன் பேனாவால் பக்கக் கணக்குக்கு ஒரு குறி போடுவார். எத்தனை ஏடு வாசித்தார்களோ அத்தனைக்குத் தக்கபடி வாசித்தவருக்குப் பொன்னோ வெள்ளியோ கிடைக்கும். இதைப் பதிவு செய்தவர் அவருடைய அவை வரலாற்றாசிரியர் அபுல் ஃபசல். எவ்வளவு வேலை நடந்தது என்று தானே குறித்து, அந்தக் கணக்குக்குக் கூலி கொடுக்கும் இந்தச் சின்னப் பழக்கத்தைத்தான் அக்பர் நாடு முழுக்கச் செய்து பார்த்தார். அவருடைய ஆட்சியின் உண்மையான பலம் இந்த அளவெடுப்பில் இருக்கிறது என்பது என் கருத்து.

அவருக்குக் கைக்கு வந்த சொத்து மிகக் குறைவு. தந்தை ஹுமாயூன் 1540இல் ஷேர் ஷாவிடம் நாட்டை இழந்து சிந்துப் பாலைவனத்தில் அலைந்தபோது, 1542 அக்டோபரில் உமர்கோட்டில் அக்பர் பிறந்தார். ஹுமாயூன் 1555இல் டெல்லியைத் திரும்பப் பிடித்து ஆறே மாதத்தில் நூலகப் படியிலிருந்து விழுந்து இறந்தார். 1556 பிப்ரவரி 14 அன்று பஞ்சாபில் கலானூர் என்ற ஊரில், போர்ப் பயணத்தின் நடுவே, அக்பருக்கு அவசரமாக முடி சூட்டினார்கள். அதே ஆண்டு நவம்பர் 5இல் பானிபட்டில், ஷேர் ஷா வம்சத்தின் தளபதி ஹேமுவின் படை கிட்டத்தட்ட வென்றுகொண்டிருந்த நேரத்தில் ஹேமுவின் கண்ணில் அம்பு பாய்ந்தது. யானை மேல் தலைவன் சாய்ந்ததைப் பார்த்ததும் படை கலைந்தது. அந்த வெற்றிக்குரியவர் பாதுகாவலராக இருந்த பைராம் கான். 1560இல் அவரை விலக்கிய அக்பர், அடுத்து வளர்ப்புத் தாய் மாஹம் அனகாவின் குடும்பத்து ஆதிக்கத்தையும் 1562இல் முடித்தார். அவள் மகன் ஆதம் கான் அமைச்சரை அரண்மனைக்குள்ளேயே கொன்றபோது, அவனை மாடியிலிருந்து தூக்கி எறியச் சொன்னார். உயிர் இருந்தது என்று தெரிந்து மறுபடி மேலே கொண்டுபோய் எறிந்தார்கள். அப்போது அக்பருக்கு வயது 19.

இனி படைக்கு வருவோம். 1573இல் குஜராத்தை வென்றுவிட்டு ஃபதேபூர் சிக்ரி திரும்பியிருந்தார். பின்னாலேயே அங்கே கலகம் என்று செய்தி வந்தது. ஆகஸ்ட் 23 கிளம்பி, ஒட்டகத்திலும் குதிரையிலுமாக, சுமார் 800 கிலோமீட்டரை ஒன்பது நாளில் கடந்து, செப்டம்பர் 2 அன்று ஏறத்தாழ மூவாயிரம் பேரோடு அகமதாபாத் வாசலில் நின்றார். கலகக்காரர்கள் நம்பவே மறுத்தார்களாம். இந்த வீரக் கதையை எல்லாரும் சொல்வார்கள். அதற்குள் இருக்கும் இன்னொரு செய்தியைத்தான் கவனிக்க வேண்டும். முந்தைய போர் முடிந்து வந்த பிரபுக்களின் படைகள் மறுபடி கிளம்பும் நிலையில் இல்லை. கஜானாவைத் திறந்து பணம் கொடுத்துத்தான் கிளப்ப வேண்டியிருந்தது. தாளில் இருக்கும் படை களத்தில் இல்லை என்பது அப்போது நன்றாகவே உறைத்தது. திரும்பி வந்ததும் குதிரைகளுக்குச் சூடு போடும் ‘தாக்’ முறையைக் கொண்டுவந்தார்.

காரணம் இதுதான். ஒரு பிரபுவுக்கு இத்தனை குதிரைவீரர்களை வைத்துக்கொள் என்று நிலவரி வருவாயை ஒதுக்குவார்கள். அவர் பாதிப் பேரைக்கூட வைக்க மாட்டார். ஆள் எண்ணும் நாளில் கடைவீதியில் இருக்கும் நெசவாளர், பஞ்சு கொட்டுபவர், தச்சர், காய்கறிக்காரர் எல்லாருக்கும் வாடகைக் குதிரையும் உடுப்பும் கொடுத்து நிறுத்துவார். எண்ணி முடித்ததும் அவரவர் கடைக்குப் போய்விடுவார்கள். அக்பரின் அவையிலேயே இருந்து, அவர் மேல் கசப்பு நிறைந்த வரலாற்றாசிரியர் பதாயூனி இதை விவரமாக எழுதியிருக்கிறார். ஒருமுறை அப்படி வந்தவர்களைக் கைகால் கட்டி, உடுப்போடு தராசில் வைத்து நிறுத்துப் பார்த்தார்களாம். கடைசியில் சேணம், துணி உட்பட எல்லாமே இரவல் என்று தெரிந்தது.

இதற்கு மாற்று இரண்டு பதிவுகள். ஒன்று தாக்: குதிரையின் உடலில் அரசு முத்திரைச் சூடு. ஒரே குதிரையை இரண்டு பிரபுக்கள் காட்ட முடியாது. நல்ல குதிரையைக் காட்டிவிட்டு நோஞ்சானை வைத்துக்கொள்ளவும் முடியாது. இன்னொன்று ‘செஹ்ரா’: வீரனின் பெயர், தகப்பன் பெயர், குலம், ஊர், நிறம், உயரம், புருவம், மச்சம், தழும்பு வரை எழுதிய அடையாளச் சீட்டு. படமெடுக்க வழியில்லாத காலத்தில் இதைவிட நல்ல அடையாள அட்டை இருக்க முடியாது.

இதன் மேல்தான் மன்சப் தரவரிசை நின்றது. மன்சப் என்றால் பதவிப் படி. 10இல் தொடங்கி மேலே போகும். 5000க்கு மேற்பட்டவை பெரும்பாலும் இளவரசர்களுக்கே. முதலில் ஒரே எண்தான் இருந்தது. அந்த எண்ணுக்குச் சம்பளம் வாங்கிக்கொண்டு படையைக் குறைத்து வைத்ததால், 1590களில் அதை இரண்டாகப் பிரித்தார்கள். ‘ஜாத்’ ஆளின் அந்தஸ்தையும் சொந்தச் சம்பளத்தையும் காட்டும். ‘சவார்’ அவர் உண்மையில் வைத்திருக்க வேண்டிய குதிரைவீரர் எண்ணிக்கையைக் காட்டும். ஜாத் எண்ணுக்குச் சமமாகச் சவார் இருந்தால் அந்தப் படியில் முதல் வகுப்பு. பாதியோ அதற்கு மேலோ இருந்தால் இரண்டாம் வகுப்பு. பாதிக்கும் கீழே என்றால் மூன்றாம் வகுப்பு. ஆக 1000 ஜாத், 600 சவார் என்றால் இரண்டாம் வகுப்பு. முதல் வகுப்பு ஐயாயிரத்தாருக்கு மாதம் 30,000 ரூபாய் சொந்தச் சம்பளம்; அதில் தன் யானை, ஒட்டகம், வண்டிச் செலவையும் பார்க்க வேண்டும். பத்து வீரருக்கு இருபது குதிரை என்பது கணக்கு. மாற்றுக் குதிரை இல்லாத வீரன் நெடும்பயணத்தில் பாதியிலேயே நின்றுவிடுவான் என்பதால் அப்படி.

சம்பளத்தைப் பெரும்பாலும் ரொக்கமாகக் கொடுப்பதில்லை. ‘தாம்’ என்ற செம்புக்காசில் (40 தாம் ஒரு ரூபாய்) கணக்குப் போட்டு, அந்த அளவு வரி வரக்கூடிய பர்கனாக்களை (பல கிராமங்கள் சேர்ந்த வட்டாரம்) ஜாகிராக, அதாவது வரி வசூலித்துக்கொள்ளும் உரிமையாக, எழுதிக் கொடுப்பார்கள். சிக்கல் இங்கே வருகிறது. பைராம் கான் காலத்தில் ஆட்களைத் திருப்திப்படுத்துவதற்காக ஒவ்வொரு பர்கனாவின் வரி மதிப்பையும் தாளிலேயே ஏற்றிவிட்டிருந்தார்கள். வசூலோ அதில் கொஞ்சம்தான். வருமானம் பொய் என்றால் படையும் பொய்யாகத்தான் இருக்கும். எனவே நிலத்தில் உண்மையில் என்ன விளைகிறது என்று தெரிந்தாக வேண்டியிருந்தது. 1574-75இல் வட இந்திய மாகாணங்களின் ஜாகிர்களை அரசு தன் கைக்கு எடுத்துக்கொண்டது. கோடித் தங்கா (ஒரு காசு) வருவாய் தரக்கூடிய வட்டாரங்களாக நிலத்தைப் பிரித்து, ஒவ்வொன்றுக்கும் ‘கரோரி’ என்ற அதிகாரியைப் போட்டார்கள். கரோரி என்ற சொல்லே கோடியிலிருந்து வந்ததுதான்.

அளப்பது எதனால்? அதுவரை சணல் கயிறு. பனியில் நனைந்தால் கயிறு சுருங்கும், வெயிலில் காய்ந்தால் நீளும். சுருங்கிய கயிற்றால் அதிகாலையில் அளந்தால் அதே வயல் கூடுதல் பிகாவாக (நிலப் பரப்பளவு) கணக்கில் ஏறும். குடியானவர் இல்லாத நிலத்துக்கு வரி கட்டுவார். கயிற்றை நனைத்துவிட்டால் போதும், அதிகாரிக்கு லாபம். அக்பர் ஆட்சி கயிற்றை நீக்கி, மூங்கில் துண்டுகளை இரும்பு வளையங்களால் கோத்த அளவுகோலைக் கொண்டுவந்தது. இரண்டு அளவுக்கும் பிகாவுக்குப் பத்தில் ஒரு பங்குக்கு மேல் வித்தியாசம் வந்தது. பிறகு 41 விரற்கடை கொண்ட ‘இலாஹி கஜம்’ பொது அளவாயிற்று. அறுபதுக்கு அறுபது கஜம், அதாவது 3600 சதுர கஜம் ஒரு பிகா. நம் கணக்கில் சுமார் 60 சென்ட்.

நிலத்தை மண்ணின் நிறத்தை வைத்துப் பிரிக்கவில்லை. எவ்வளவு தொடர்ந்து பயிராகிறது என்று பார்த்துப் பிரித்தார்கள். ஆண்டுதோறும் விளைவது போலஜ்; சத்து ஏற அவ்வப்போது சும்மா போடுவது பரௌதி; மூன்று நான்கு ஆண்டு கிடப்பில் இருந்தது சாச்சர்; ஐந்தோ மேலோ கிடந்தது பஞ்சர். கடைசி இரண்டுக்கும் ஆரம்ப ஆண்டுகளில் வரி குறைவு, பிறகு படிப்படியாக ஏறும். தரிசு உழவுக்கு வர வேண்டும் என்பதுதான் நோக்கம்.

போலஜ் நிலத்துக் கோதுமைக்கு அபுல் ஃபசல் தரும் கணக்கை அப்படியே பார்க்கலாம். ஒரு பிகாவில் நல்ல நிலம் 18 மணங்கு, நடுத்தரம் 12 மணங்கு, மட்டம் 8 மணங்கு 35 சேர். கூட்டினால் 38 மணங்கு 35 சேர் (40 சேர் ஒரு மணங்கு). மூன்றால் வகுத்தால் சராசரி 12 மணங்கு 38¼ சேர். அதில் மூன்றில் ஒரு பங்கு, 4 மணங்கு 12¾ சேர், அரசுக்கு. அந்த மணங்கு சுமார் 25 கிலோ. ஆகவே பிகாவுக்கு ஏறத்தாழ 108 கிலோ கோதுமை. லேசான வரி என்று இதைச் சொல்ல முடியாது. மட்டமான நிலம் வைத்திருந்தவருக்குச் சராசரிக் கணக்கு பாரமாகவே விழுந்திருக்கும். அவருடைய 8 மணங்கு 35 சேரில் கிட்டத்தட்டப் பாதி போய்விடும். அக்பரைப் புகழ்பவர்கள் இந்த இடத்தைத் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

தானியத்தைக் காசாக்குவதில் இன்னும் பெரிய தவறு நடந்துகொண்டிருந்தது. முதலில் நாடு முழுதுக்கும் ஒரே விலை வைத்தார்கள். பேரரசரின் முகாம் இருக்கும் இடத்தில் தானியம் எப்போதும் விலை அதிகம். அந்த விலையில் தூரத்துக் கிராமத்தில் வரி கேட்டால் குடியானவர் இரட்டிப்புத் தானியம் விற்றாக வேண்டும். சரி, ஒவ்வொரு ஊரிலும் ஆண்டுதோறும் விலை விசாரிப்போம் என்றார்கள். விலைப்பட்டியல் தலைநகருக்கு வந்து, ஒப்புதலாகித் திரும்புவதற்குள் வசூல் காலம் போய்விடும். அதிகாரி விலையைக் கூட்டி எழுதுகிறார் என்று குடியானவரும், குறைத்து எழுதுகிறார் என்று அரசும் புகார் சொன்னார்கள்.

1580இல் அக்பரின் நிதி அதிகாரிகளான ராஜா தோடர்மாலும் குவாஜா ஷா மன்சூரும் சேர்ந்து முடித்த ‘தஹ்சாலா’ இதற்குத் தீர்வு. பருவமும் விலையும் ஒத்த பகுதிகளை ஒரு வட்டாரமாக்கி, முந்தைய பத்து ஆண்டுகளின் விளைச்சலையும் விலையையும் திரட்டி, அந்தப் பத்தாண்டு வரித் தொகையில் பத்தில் ஒரு பங்கை ஓர் ஆண்டுக்கான காசு வரியாக நிர்ணயித்தார்கள். கோதுமைக்கு இவ்வளவு தாம், கரும்புக்கு இவ்வளவு, பருத்திக்கு இவ்வளவு என்று வட்டாரத்துக்கு வட்டாரம் பட்டியல். அந்தப் பத்தில் பின் ஐந்து ஆண்டுக்கு எழுத்துப் பதிவு இருந்தது. முன் ஐந்தாண்டுக்கு நம்பகமானவர்களின் வாய்மொழியைக் கொண்டார்கள். விதைத்ததும் அளந்துவிட்டால் கட்ட வேண்டிய தொகை குடியானவருக்கு அன்றே தெரியும். பயிர் அழிந்த பரப்பைக் கணக்கிலிருந்து தள்ள வேண்டும். அளக்கும் கூலியாக பிகாவுக்கு ஒரு தாம். லாகூர், முல்தான் தொடங்கி டெல்லி, ஆக்ரா, அவத், அலகாபாத் வரையில் இது நன்றாக ஓடியது. வங்காளத்திலும் காஷ்மீரிலும் காபூலிலும் பழைய முறைதான்.

கரோரித் திட்டம் மட்டும் கோணிப்போனது. மூன்று ஆண்டுக்குள் தரிசை உழவுக்குக் கொண்டுவா, கோடியைக் காட்டு என்று இலக்கு வைத்ததால், பல கரோரிகள் குடிகளைப் பிழிந்தார்கள்; மனைவி மக்களை விற்று ஊரைவிட்டு ஓடியவர்களைப் பற்றிப் பதாயூனி எழுதுகிறார். பிறகு தோடர்மால் அதே கரோரிகளிடம் பாக்கியைக் கேட்டுச் சிறையில் வாட்டினார். பத்து வருடக் கணக்குக் கிடைத்ததும் 1580இல் ஜாகிர்களைத் திரும்பக் கொடுத்தார்கள். அதே ஆண்டு அக்பர் நாட்டைப் பன்னிரண்டு சுபாக்களாக (மாகாணங்களாக) பிரித்தார். நாளடைவில் சுபேதார் (மாகாண ஆளுநர்) கையில் படை, திவான் (நிதி அதிகாரி) கையில் பணம், திவான் மையத்துக்கே பதில் சொல்ல வேண்டும் என்று ஏற்பாடு இறுகியது. படையும் பணமும் ஒரே ஆளிடம் சேராதவரை கலகம் செய்வது கஷ்டம்.

எண்ணுவதும் அளப்பதும் பிடிக்காதவர்கள் நிறைய. அது 1580இல் வெடித்தது. வங்காளத்து ஈரமும் காய்ச்சலும் தாங்கி வேலை செய்ய அங்கிருந்த படைக்கு இரட்டைச் சம்பளமும், பீகாரில் ஒன்றரை மடங்கும் தந்திருந்தார்கள். ஷா மன்சூர் கணக்குப் பார்த்து, அந்த மேற்படியை வங்காளத்தில் 50 சதவீதமாகவும் பீகாரில் 20 சதவீதமாகவும் வெட்டினார். கூடவே தாக் கெடுபிடி, பழைய பாக்கி வசூல். மன்சூரின் கணக்கு சரி, நேரம் தப்பு. வங்காள ஆளுநர் முசாஃபர் கானைக் கொன்றார்கள். ஜவுன்பூர் காஜி (இஸ்லாமிய நீதிபதி) அரசருக்கு எதிராகக் கிளம்பலாம் என்று தீர்ப்புக் கொடுத்தார். காபூலில் இருந்த, அக்பரின் மாற்றாந்தாய் மகனான தம்பி மிர்சா ஹக்கீமின் பெயரைத் தொழுகை உரையில் அரசராக வாசித்தார்கள். கிழக்கும் மேற்கும் ஒரே நேரத்தில் தீப்பிடித்த நிலை. அக்பர் கிழக்கே தோடர்மாலை அனுப்பிவிட்டு, மேற்கே தானே போய் 1581 ஆகஸ்டில் காபூலில் நுழைந்தார். போகும் வழியில், எதிரியோடு கடிதத் தொடர்பு என்ற குற்றச்சாட்டில் ஷா மன்சூரைத் தூக்கிலிட்டார். அந்தக் கடிதங்கள் போலி என்ற பேச்சு பிறகு எழுந்தது. நாட்டின் வரவு செலவை நிமிர்த்திய மனிதருக்கு அது கொடுமையான முடிவு.

மதக் கொள்கையைச் சுருக்கமாகச் சொல்கிறேன். போரில் பிடிபட்டவர்களின் குடும்பங்களை அடிமையாக்கக் கூடாது என்று 1562இலும், புனித யாத்திரை வரி வேண்டாம் என்று 1563இலும், முஸ்லிம் அல்லாதவர்கள் மேல் இருந்த ஜிஸ்யா வரி வேண்டாம் என்று 1564இலும் ஆணையிட்டார். அப்போது அவருக்கு 22 வயதுகூட நிரம்பவில்லை. சிக்ரியில் விவாத மண்டபம் கட்டியது 1575இல்தான். ஆகவே அறிஞர்களின் விவாதத்தைக் கேட்டு மனம் மாறியதால் வரியை நீக்கினார் என்ற கதை ஆண்டுக் கணக்கிலேயே நிற்காது. ராஜபுத்திர உறவை இன்னும் கவனமாகச் சொல்ல வேண்டும். 1562இல் ஆம்பர் அரசர் பார்மலின் மகளை மணந்தார். அந்தக் குடும்பத்து மான்சிங் முன்னணித் தளபதியாக உயர்ந்தார். அதே அக்பர்தான் 1567 அக்டோபரில் சித்தூர்க் கோட்டையை முற்றுகையிட்டார்.

சித்தூரில் மதிலுக்கடியில் இரண்டு சுரங்கம் தோண்டி 120 மணங்கும் 80 மணங்கும் வெடிமருந்து திணித்தார்கள். ஒன்று வெடித்ததும் வழி திறந்தது என்று படை பாய்ந்தது. மற்றது தாமதமாக, பாய்ந்தவர்களின் காலடியிலேயே வெடித்தது. அவர் பக்கத்தில் சுமார் 200 பேர் போனார்கள். அதன்பிறகு ‘ஸாபாத்’ என்ற மூடிய பாதையை மண்ணாலும் மரத்தாலும் தோலாலும் கட்டி மதில்வரை நகர்ந்தார்கள். 1568 பிப்ரவரியில், இரவில் மதில் உடைப்பைச் சரிசெய்ய நின்ற தளபதி ஜெய்மலை அக்பரே துப்பாக்கியால் சுட்டார். உள்ளே பெண்கள் தீப்புகுந்தார்கள். கோட்டை விழுந்த அன்று, குடியானவர்கள் உட்பட முப்பதாயிரம் பேர் வெட்டப்பட்டதாக அவருடைய சொந்த வரலாற்றாசிரியரே எழுதுகிறார். ஜிஸ்யாவை நீக்கி நான்கு ஆண்டுக்குள் நடந்தது இது. இரண்டும் ஒரே மனிதர் செய்தவை. ஒன்றைச் சொல்லி மற்றதை மறைப்பவர்களை நம்ப வேண்டாம்.

கடைசி ஆண்டுகள் சோகமானவை. 1585இல் சிக்ரியை விட்டு லாகூருக்குப் போய் 1598 வரை அங்கேயே இருந்து வடமேற்கைக் காத்தார். 1586இல் யூசுஃப்சாய் மலைக்கணவாயில் பீர்பால் இறந்தார்; கதைகளில் வரும் பீர்பாலின் உண்மை முடிவு அதுதான், உடல்கூடக் கிடைக்கவில்லை. 1601இல் அசீர்கர் கோட்டையோடு தெற்கு நோக்கிய பயணம் நின்றது. மகன் முராத் 1599இலும் தானியால் 1605இலும் குடியால் இறந்தார்கள். மூத்தவர் சலீம் அலகாபாத்தில் தனி அரசர் போல் உட்கார்ந்துகொண்டு, 1602இல் அபுல் ஃபசலையே ஆள் வைத்துக் கொன்றார். வேறு வாரிசு இல்லாத நிலையில் அவரையே ஏற்றுக்கொண்டு, வயிற்றுப்போக்கில் நலிந்து, 1605 அக்டோபரில் ஆக்ராவில் அக்பர் இறந்தார். சலீம் ஜஹாங்கீர் ஆனார்.

அக்பரின் படை தமிழகத்தை எட்டிப் பார்த்ததே இல்லை. ஆனாலும் அவர் காலத்துக் கணக்கு ஒன்று இங்கே வந்து சேர்ந்தது. ஹிஜ்ரி ஆண்டு 354 நாள். அறுவடையோ சூரியனைப் பார்த்து வருவது. ஹிஜ்ரிக் கணக்கில் வரி கேட்டால், ஏறத்தாழ 32 அறுவடைக்கு 33 ஆண்டு வரி கட்ட வேண்டும். இதைச் சரிக்கட்ட, அக்பர் பட்டமேற்ற ஹிஜ்ரி 963ஐ அடிப்படையாக வைத்து, அங்கிருந்து சூரிய ஆண்டாக எண்ணும் ‘பசலி’ பிறந்தது. பசல் என்றால் அறுவடை. ஷாஜஹான் காலத்தில் தக்காணத்தில் 1636 வாக்கில் அதைத் தனியாகத் தொடங்கியதால், நம் பசலி வடக்கத்திப் பசலியைவிட இரண்டு மூன்று எண் முன்னால் இருக்கிறது. தாலுகா அலுவலகத்தில் ஜமாபந்தி நடக்கும்போது கிராமக் கணக்கின் தலைப்பில் பாருங்கள்: 2024 ஜூலை முதல் 2025 ஜூன் வரை பசலி 1434 என்றுதான் எழுதியிருக்கும்.